இருகடலும் நீவாடும்: கதைக்கு ஓர் ஆற்றல் புலம் கட்டும் முழுமையான வழிகாட்டி

அறிவியலும் மாயமும் கலந்த கதை எழுதும் தம்பி தங்கைகள் என்னிடம் காட்டும் முதல் அத்தியாயத்தில் ஏறக்குறைய எப்போதும் ஒரு சக்தி இருக்கும். அண்டமெங்கும் பரவியிருக்கும். நாயகன் கையை நீட்டினால் பாறை எழும்பும், எதிரி சுவரில் போய் மோதுவான். அது எங்கிருந்து வருகிறது, எப்போது வராது, ஒருவன் எடுத்தால் யாருக்குக் குறைகிறது என்று கேட்டால் பதில் இருக்காது. அதனால் மூன்றாம் அத்தியாயத்திலேயே கதை தளர்ந்துவிடும். எதையும் செய்ய முடிந்தவனுக்கு என்ன ஆகுமோ என்று வாசகர் ஏன் பயப்பட வேண்டும்?

நான் ராமேஸ்வரம் தீவில் உள்ள தங்கச்சிமடத்தில் பிறந்து வளர்ந்தவன். மூன்று வருடமாக ஒரு கற்பனை உலகத்தை எழுதிக்கொண்டிருக்கிறேன். அந்த உலகத்தின் பெயர் இருகடல். அதில் ஓடும் ஆற்றல் புலத்தின் பெயர் நீவாடு. அதை எப்படிக் கட்டினேன், எங்கே இடறினேன், எதைப் பிரித்து மறுபடி கட்டினேன் என்று வரிசையாகச் சொல்கிறேன். உங்கள் புலம் வேறாக இருக்கலாம். கட்டும் முறை உதவும்.

முதல் படி: பாலத்தில் நின்று பாருங்கள்

பாம்பன் சாலைப் பாலத்தில், 1988-ல் திறந்த அந்தப் பாலத்தில், கைப்பிடிச் சுவரோரம் நின்று கீழே பாருங்கள். தூணுக்குத் தூண் தண்ணீரின் வேகம் மாறும். ஒரு தூணின் பின்னால் சுழித்து நிற்கும், நாலு அடி தள்ளி வழுவழுவென்று ஓடும். நாட்டுப் படகு ஒன்று அந்த இடத்துக்கு வந்தால் தள்ளப்படும். வராவிட்டாலும் அந்த இடத்தில் அந்த வேகம் இருக்கத்தான் செய்கிறது. ஒவ்வோர் இடத்துக்கும் ஓர் அளவு, ஒரு திசை. இதுதான் புலம். மைக்கேல் ஃபாரடே காந்தத்தைச் சுற்றி இரும்புத்தூள் தூவி, காந்தத்தின் வேலை அதைச் சுற்றியுள்ள வெளியிலும் நடக்கிறது என்று கண்டதும் இந்த எண்ணத்தைத்தான் வளர்த்தது.

சக்தி ஆளிடம் இருக்கும். புலம் இடத்தில் இருக்கும். கதைக்கு இந்த வித்தியாசம் பெரியது. புலம் இடத்தில் இருந்தால் யார் எங்கே நிற்கிறார், எந்த நேரத்தில் நிற்கிறார் என்பதெல்லாம் கதையாகிவிடும். ஊர் முக்கியமாகும், பருவம் முக்கியமாகும்.

எங்கள் பக்கம் பாக் விரிகுடாவை வடகடல் என்போம், மன்னார் வளைகுடாவைத் தென்கடல் என்போம். சாந்தமாகக் கிடப்பதைப் பெண் கடல் என்றும் ஆர்ப்பரிப்பதை ஆண் கடல் என்றும் சொல்கிறவர்களும் உண்டு. வாடைக் காலத்தில் வடகடலிலிருந்து தென்கடலுக்கு நீரோட்டம் இழுக்கும். தென்மேற்குக் காற்று வீசும் கச்சான் காலத்தில் அது திரும்பும். இந்த நீரோட்டத்துக்குக் கடலோடிகளின் சொல்தான் நீவாடு. கண்ணுக்குத் தெரியாது. போட்ட வலை எந்தப் பக்கம் சாய்கிறது என்று பார்த்துத்தான் சொல்வார்கள். என் புலத்துக்கு இதைவிடப் பொருத்தமான பெயர் கிடைக்கவில்லை.

இரண்டாம் படி: மூலம் எங்கே?

இங்கேதான் நான் முதலில் தப்பு செய்தேன். உப்புத் தண்ணீர் மின்சாரத்தைக் கடத்தும். அது பூமியின் காந்தப்புலத்துக்குள் ஓடினால் மின்னழுத்தம் பிறக்க வேண்டும். 1832-ல் ஃபாரடே லண்டன் வாட்டர்லூ பாலத்தில் கம்பியை நீட்டி, தேம்ஸ் ஆற்றுக்குள் செப்புத் தகடுகளைத் தொங்கவிட்டு இதை அளக்க முயன்றார். தெளிவான அளவு கிடைக்கவில்லை, ஆனால் கொள்கை சரியானது. பாம்பன் வாயில், அந்தப் பாலத்துக்குக் கீழே, ஓடும் தண்ணீரிலிருந்தே என் உலகத்தின் ஆற்றல் வரட்டும் என்று முடிவு செய்து நாற்பது பக்கம் எழுதிவிட்டேன்.

பிறகுதான் கணக்குப் பார்த்தேன். பூமியின் காந்த நடுக்கோடு இந்தியாவின் தென்கோடியை ஒட்டிப் போகிறது. திருவனந்தபுரத்துக்கு அருகே தும்பாவில் 1963-ல் ராக்கெட் ஏவுதளம் அமைத்ததற்கே அதுதான் காரணம். காந்த நடுக்கோட்டின் பக்கத்தில் காந்தக் கோடுகள் கிட்டத்தட்டப் படுத்த நிலையில் தெற்கிலிருந்து வடக்காகப் போகும். பாம்பன் வாயில் தண்ணீரும் ஏறக்குறைய அதே வாக்கில்தான் ஓடுகிறது. காந்தக் கோட்டோடு ஒட்டி ஓடும் தண்ணீரில் மின்னழுத்தம் அநேகமாகப் பிறக்காது. தேம்ஸைவிட மோசமான இடம் எங்கள் பாம்பன்!

நாற்பது பக்கத்தையும் ஓரமாக வைத்தேன். ஆனால் தேடியதில் வேறொன்று கிடைத்தது. இதே காந்த நடுக்கோட்டுக்கு மேலே, தரையிலிருந்து நூறு கிலோமீட்டருக்குச் சற்று அதிகமான உயரத்தில், பகல் நேரத்தில் ஒரு மின்னோட்டம் கிழக்கு நோக்கி ஓடுகிறது. வெயில் ஏற ஏற வலுக்கும், நண்பகலை ஒட்டி உச்சத்துக்குப் போகும், பொழுது சாய்ந்தால் அடங்கிவிடும். நாம் வெயிலில் கருவாடு காயப்போடும் நேரமெல்லாம் தலைக்கு மேலே அது ஓடிக்கொண்டிருக்கிறது. இதிலிருந்து என் புலத்துக்கு இரண்டு குணங்களை எடுத்துக்கொண்டேன்: பகலில் எழுந்து இரவில் தூங்கும், கிழக்கு பார்த்து இழுக்கும்.

நிஜமான மின்காந்தத்தை அப்படியே கதைக்குள் வைத்தால் அதன் எல்லா விதிகளுக்கும் நீங்கள் கட்டுப்பட வேண்டும். அதன் நடையை மட்டும் எடுத்துக்கொண்டு புதிய புலம் செய்தால், நீங்கள் வைத்த விதிக்குக் கட்டுப்பட்டால் போதும். இரண்டாவது வழியைத்தான் சொல்வேன்.

மூன்றாம் படி: எதைத் தொடும் என்று முடிவு செய்யுங்கள்

எல்லாவற்றையும் தொடும் புலம் கதைக்கு உதவாது. ஒரே ஒரு பொருளைத் தேர்ந்தெடுங்கள். அந்தப் பொருள் உங்கள் ஊரில் எங்கெங்கே இருக்கிறது என்று சுற்றிப் பாருங்கள்.

நான் சுண்ணாம்பை எடுத்தேன், அதாவது கால்சியத்தை. சங்கில் இருக்கிறது, சிப்பியில் இருக்கிறது, பவளப்பாறையில் இருக்கிறது, பழைய வீட்டுச் சுவரில் இருக்கிறது. நம் எலும்பிலும் இருக்கிறது. ஒரே முடிவில் கடலும் வீடும் உடம்பும் மாட்டிக்கொண்டன. நாயகிக்குத் தனியாக 'உணரும் வரம்' தரத் தேவையே இல்லாமல் போயிற்று. எலும்பு உள்ள எல்லாருக்கும் புலம் தெரியும். கவனிக்கப் பழகியவர்களுக்குக் கூடுதலாகத் தெரியும்.

இன்னொரு லாபமும் வந்தது. எங்கள் கடலில் ஆவுளியா என்ற கடல்பசு உண்டு. அடியில் கிடந்து கடல்புல்லை மேயும் பிராணி. அதன் விலா எலும்புகள் தடித்து, கெட்டியாக, கனமாக இருக்கும். அடியில் தங்க அந்தக் கனம் உதவுகிறது. எலும்பை இழுக்கும் புலம் என்றால் அதை முதலில் உணர்வது யார்? என் கதையில் ஆவுளியா திரும்பும் திசையைப் பார்த்துத்தான் படகுகளைத் திருப்புவார்கள். யோசித்து வைத்ததில்லை, பொருளைத் தேர்ந்தெடுத்ததும் அதுவே வந்தது. வாலிநோக்கத்துக்காரர் உப்பை எடுக்கலாம், சாயல்குடிக்காரர் பனையை எடுக்கலாம். பொருள் ஒன்று போதும்.

நான்காம் படி: அளக்க ஒரு கருவி

கருவி, எழுதுகிறவருடைய வீட்டில் செய்யக்கூடியதாக இருக்க வேண்டும். கண்ணாடிக் கோளமும் நீல வெளிச்சமும் வேண்டாம்.

ஒரு பாகம் நீளத்துக்குத் தூண்டில் நரம்பை வெட்டிக்கொள்ளுங்கள். இரண்டு கையையும் விரித்தால் வரும் நீளம், ஏறக்குறைய ஆறு அடி. நுனியில் உள்ளங்கை அளவுச் சங்கு ஒன்றைக் கட்டித் தொங்கவிடுங்கள். காற்று இல்லாத இடத்தில் அது நேராகத் தொங்கும். என் உலகத்தில் பொழுது கிளம்பியதும் அந்தச் சங்கு கிழக்கே சாய ஆரம்பிக்கும். நேர்கோட்டிலிருந்து எத்தனை விரற்கடை விலகியதோ அதுதான் அளவு. மூன்று விரல் நீவாடு, பத்து விரல் நீவாடு என்பார்கள்.

நான் இதை உண்மையிலேயே கட்டி வீட்டு உத்தரத்தில் தொங்கவிட்டேன். சங்கை விரலால் கிழக்கே தள்ளிப் பிடித்துப் பார்த்தேன். பத்து விரற்கடை தள்ளும்போது நரம்பு சாய்வது கண்ணுக்கு நன்றாகத் தெரியும், ஆனால் விரலுக்குச் சுமை சொற்பம். கணக்கும் எளிது: ஆறு அடி நரம்பில் பத்து விரற்கடை என்பது நீளத்தில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு. அப்படியானால் பக்கவாட்டு இழுப்பும் சங்கின் எடையில் பத்தில் ஒரு பங்கு. ஒரு விரல் என்றால் நூறில் ஒன்று. விதியைத் தலையில் ஏற்றிக்கொள்ள இதுபோல ஒருமுறை கையால் தொட்டுவிடுங்கள். அப்புறம் எழுத்தில் தடுமாற மாட்டீர்கள்.

ஐந்தாம் படி: விதியைக் கடைசிவரை துரத்துங்கள்

இந்தப் படியில்தான் அதிக நேரம் செலவழிக்க வேண்டும். நோட்டுப் புத்தகமும் பென்சிலும் போதும்.

சங்கு அநேகமாக முழுவதும் கால்சியம் கார்பனேட். அதில் நூற்றுக்கு நாற்பது பங்கு கால்சியம். ஆகவே பத்து விரல் நீவாட்டில் ஒரு கிராம் கால்சியத்துக்குக் கால் கிராம் இழுப்பு. வளர்ந்த மனித உடம்பில் கால்சியம் சுமார் ஒரு கிலோ, அதில் பெரும்பங்கு எலும்பிலும் பல்லிலும். அப்படியானால் உச்ச நேரத்தில் ஒவ்வொருவரையும் கிழக்கே கால் கிலோ இழுக்கிறது. யாரும் பறக்க மாட்டார்கள், யாரும் விழ மாட்டார்கள். ஆனால் நாள் முழுக்க, உள்ளேயிருந்து, எலும்பு வழியாக அந்தக் கால் கிலோ. வயதானவர்கள் மேற்கே முகம் வைத்து உட்கார மாட்டார்கள் என்ற வழக்கம் அதிலிருந்துதான் எனக்குக் கிடைத்தது.

சரி, கடல்நீரில் கால்சியம் இல்லையா? இருக்கிறது. ஒரு கிலோ கடல்நீரில் ஏறக்குறைய 0.4 கிராம். கணக்குப் போட்டால் பத்து விரல் நீவாட்டில் கடலின் மேற்பரப்பே கிலோமீட்டருக்குப் பத்து சென்டிமீட்டர் சாய வேண்டும். பத்து கிலோமீட்டருக்கு ஒரு மீட்டர். எங்கள் நிஜக் கடலில், தண்ணீர் ஏறும் ஏத்தத்துக்கும் இறங்கும் வத்தத்துக்கும் இடையே ஒரு மீட்டர்கூட வராது. இருகடலில் நிலவே இல்லாமல் தினமும் பெரிய ஏத்தம் வரும் என்று இந்தப் பெருக்கலில்தான் தெரிந்துகொண்டேன். பகலில் கிழக்குக் கரை மூழ்கும், இரவில் மேற்குக் கரை மூழ்கும். ஊர்களை எங்கே வைப்பது என்ற கேள்விக்கும் பதில் வந்துவிட்டது.

அடுத்து, இந்தப் புலத்திலிருந்து வேலை வாங்குவது எப்படி? முதலில் சங்குகள் பதித்த சக்கரம் ஒன்றை எழுதினேன். அது ஓயாமல் சுற்றும் என்று நினைத்தேன். சுற்றாது. ஒரு பக்கம் தள்ளுவது எவ்வளவோ அவ்வளவு மறுபக்கம் தடுக்கும். தராசுத் தட்டு இரண்டிலும் சம எடை வைத்தது போல நின்றுவிடும். புலம் மாறும்போதுதான் வேலை கிடைக்கும். அதனால் பவளக்கல் ஏற்றிய வண்டிகளைக் கிழக்கு நோக்கி ஏறும் சரிவில் விட்டேன். இருபது அடிக்கு ஓரடி ஏறும் சரிவு. பகலில் புலம் வண்டியை மேலே ஏற்றும். இரவில் புலம் தூங்கியதும் வண்டி தன் கனத்திலேயே இறங்கும், இறங்கும்போது செக்கை ஆட்டும், கிணற்றில் நீர் இறைக்கும். பத்து விரலுக்கு மேல் வராத ஊரில் பத்துக்கு ஒன்று சரிவே ஏறாது. ஆக, சரிவின் அளவைப் பார்த்தே அந்த ஊரில் நீவாடு எவ்வளவு என்று சொல்லிவிடலாம். என் நாயகி ஒரு பாழடைந்த ஊருக்குள் நுழைந்ததும் முதலில் கவனிப்பது அதைத்தான். சரிவு செங்குத்தாக இருக்கிறது. ஒரு காலத்தில் இங்கே புலம் கொழித்திருக்கிறது. இப்போது சங்கு அசையவில்லை.

ஆறாம் படி: விலை

ஓர் ஊர் வண்டி ஏற்றினால் அடுத்த ஊரில் விரல் குறையும். இது ஒன்றே என் விலைவிதி.

இதற்கு நான் எங்கும் தூரம் போகவில்லை. மன்னார் வளைகுடாவில் 21 தீவுகள், 1986-ல் கடல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டவை. இந்தத் தீவுகளைச் சுற்றியுள்ள பவளப்பாறைகளைச் சுண்ணாம்புக்காகவும் கட்டடத்துக்காகவும் பல காலம் வெட்டி எடுத்தார்கள். 2001-ல் பவளங்கள் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்துக்குள் வந்தன. அலையைத் தாங்கி நின்ற பாறை போனால் பின்னால் உள்ள மணல் தாங்குமா? பூவரசன்பட்டி, விலாங்குசல்லி என்ற இரண்டு தீவுகள் இன்று தண்ணீருக்கு அடியில் இருக்கின்றன. வீடு ஒரு கரையில் எழுந்தது, தீவு வேறோர் இடத்தில் மறைந்தது. எடுத்த கையும் இழந்த இடமும் ஒன்றையொன்று பார்த்ததே இல்லை.

விலை என்றால் மந்திரம் போட்டவனுக்கு மூக்கில் ரத்தம் வருவது என்று பலர் எழுதுகிறார்கள். எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. பயன்படுத்துகிறவனே விலையையும் கொடுத்துவிட்டால் கணக்கு தீர்ந்துவிடும், கதைக்கு ஒன்றும் மிஞ்சாது. விலை வேறொருவர் வீட்டு வாசலில், தாமதமாகப் போய் நிற்க வேண்டும்.

ஏழாம் படி: அதோடு பிழைக்கிறவர்கள்

புலத்தை ஆள்கிற வீரர்களுக்கு முன்னால் அதை வைத்துச் சோறு சாப்பிடுகிறவர்களை எழுதுங்கள். பாம்பன், சின்னப்பாலம், மண்டபம் பக்கத்துப் பெண்கள் கடலுக்குள் மூழ்கிப் பாசி எடுப்பதைப் பார்த்திருப்பீர்கள். பாறை கிழிக்காமல் இருக்க விரல் ஒவ்வொன்றுக்கும் துணி சுற்றியிருப்பார்கள். காலில் அலுமினியத் தகட்டைச் செருப்போடு சேர்த்துக் கட்டித் துடுப்பாக்கிக்கொள்வார்கள். கண்ணுக்குக் கண்ணாடி, இடுப்பில் வலைப்பை. மரிக்கொழுந்துப் பாசி எந்தக் கல்லில் வளர்கிறது, எப்போது பறித்தால் மறுபடி தழைக்கும் என்பது அவர்களுக்கு மனப்பாடம். அந்த விரல் துணியைப் பார்த்த பிறகுதான் என் உலகத்தில் நூல் பார்க்கும் பெண்கள் வந்தார்கள். ஒரு துண்டு இது:

பொழுது கிளம்பி ஒரு பனை உயரம் ஏறிவிட்டது. சங்கு நேராகவே தொங்கியது.

"அப்பத்தா, அசையவே இல்லையே."

"நூலையே பார்த்துக்கிட்டு நிக்காத தாயி. முட்டியைக் கேளு."

அவள் கண்ணை மூடினாள். வலது முட்டியில், எலும்புக்கு உள்ளே, மீன் ஒன்று மெல்லத் திரும்பிப் படுத்ததுபோல் இருந்தது.

"வருது. ஆனா ரொம்பக் கொஞ்சம் அப்பத்தா. நேத்து இவ்வளவு கொஞ்சமா இல்லை."

அப்பத்தா பதில் சொல்லாமல் மேற்கே பார்த்தாள். அங்கே யாரோ புதிதாகச் சரிவு கட்டியிருக்கிறார்கள்.

இந்தத் துண்டில் புலம் என்ற சொல்லே வரவில்லை பாருங்கள். அதோடு வாழ்கிறவர்கள் அதை விளக்கிக்கொண்டிருக்க மாட்டார்கள். 'மகாசக்தி', 'பிரபஞ்ச ஆற்றல்' போன்ற சொற்களை முதல் நாளே அடித்துவிட்டேன். வேலை செய்கிறவர் வாயில் அவை வராது. விரல், நூல், சாய்வு, ஏத்தம், வத்தம் போதும்.

ஆயுதங்களைப் பற்றி அதிகம் சொல்ல எனக்கு இல்லை. மேலே உள்ள விதிகள் உறுதியாக இருந்தால் சண்டைக்குத் தேவையானது தானாக வரும்.

எட்டாம் படி: பேரழிவை எழுதுவதற்கு முன்

புலம் வைத்தால் அது பொங்கும் காட்சி எழுதத் தோன்றும். எங்கள் கரையில் அதற்கு ஒரு நினைவு உடனே வரும்: 1964 டிசம்பர் 22, 23 புயல். தனுஷ்கோடி ஒரே இரவில் போனது. பாம்பனிலிருந்து போன பயணிகள் ரயிலைக் கடல் கொண்டுபோனது. இடிந்த தேவாலயச் சுவர் இன்னும் நிற்கிறது. அந்தக் குடும்பங்கள் இன்னும் எங்கள் ஊர்களில் இருக்கின்றன. அந்த ரயிலை அப்படியே எடுத்து வேற்றுக் கிரகத்தில் ஓடவிட எனக்கு மனம் வரவில்லை, நீங்களும் செய்யாதீர்கள். நான் எடுத்துக்கொண்டது ஒன்றுதான்: அழிந்த இடத்துக்கும் மறுபடி போய்க் குடிசை போட்டு வலை காயப்போடும் மனிதர்கள். என் கதையில் புலம் பொங்குவது ஒரே பக்கம்தான். திரும்பி வந்தவர்களுக்கு ஆறு அத்தியாயம் ஒதுக்கியிருக்கிறேன்.

கடைசிப் படி: கரையில் வாசித்துக் காட்டுங்கள்

எழுதி முடித்ததைக் கதை படிக்கும் நண்பர்களுக்கு மட்டும் காட்டாதீர்கள். அந்தப் பொருளோடு வேலை செய்கிற ஒருவருக்கு வாசித்துக் காட்டுங்கள். வலை பொத்திக்கொண்டிருந்த பெரியவர் ஒருவரிடம் முதல் இரண்டு அத்தியாயங்களை வாசித்தேன். ஊசியை நிறுத்தாமல் கேட்டார். முடித்ததும், "சங்கு இழுபடும், கல்லு இழுபடும், எலும்பு இழுபடும்ங்கிற. சரி தம்பி, மணலு?" என்றார்.

எனக்குப் புரியவில்லை. காலடியிலிருந்து ஒரு கை மணலை அள்ளி என் உள்ளங்கையில் கொட்டினார். உற்றுப் பார்த்தேன். பாதிக்குப் பாதி உடைந்த சிப்பி, கிளிஞ்சல் துணுக்கு, பவளப் பொடி.

அப்படியானால் இருகடலின் கரைகள் தினமும் பகலில் ஊர்ந்து கிழக்கே போகும். கடலுக்குள் இருக்கும் மணல் திட்டுகளும் போகும். நேற்று நடந்த பாதை இன்று இருக்காது. சிப்பி கலக்காத கருமணல் மட்டும் அசையாமல் கிடக்கும், அதன்மேல்தான் வீடு கட்ட முடியும். மூன்றாம் அத்தியாயத்தை நிறுத்திவிட்டு இப்போது வரைபடம் வரைந்துகொண்டிருக்கிறேன். ஒரே கரைக்கு இரண்டு தாள்: ஒன்று விடியலுக்கு, ஒன்று பொழுது சாய்ந்த பிறகு. கருமணல் கிடக்கும் இடங்களை மட்டும் இரண்டிலும் ஒரே புள்ளியில் குறித்து வைத்திருக்கிறேன்.